சோய் உன்ஹீ: கடத்தல் கதைக்குள் தொலைந்துபோன நடிகை

2018 ஏப்ரல் 16 அன்று சியோலில் சோய் உன்ஹீ காலமானார். வயது 91. அன்றும் மறுநாளும் வந்த இரங்கல் செய்திகளைப் புரட்டிப் பார்த்தால், பெரும்பாலானவை ஒரே மாதிரிதான் தொடங்கும்: வடகொரியாவுக்குக் கடத்தப்பட்டவர், பின்னாளில் அந்நாட்டை ஆண்ட கிம் ஜோங்-இல்லுக்காகப் படமெடுக்க வைக்கப்பட்டவர், வியன்னாவில் தப்பியவர். அவர் நடித்த படங்கள் 130-க்கும் மேல். மூன்று படங்களை இயக்கியிருக்கிறார். ஒரு திரைக்கலைப் பள்ளியின் தலைமைப் பொறுப்பில் இருந்திருக்கிறார். இவையெல்லாம் செய்தியின் கடைசிப் பத்தியில், இடமிருந்தால், வந்தன.

1978 ஜனவரியிலிருந்து 1986 மார்ச் வரையிலான எட்டு ஆண்டுச் சிறை ஒரு மனிதரின் வாழ்வில் சிறிய விஷயமில்லை. அதைப் பேசக்கூடாது என்று நான் சொல்லவரவில்லை. ஆனால் அந்த எட்டு ஆண்டுகளை மட்டும் வைத்து அவரைப் பேசும்போது, கடத்தலே பாதி புரியாமல் போகிறது. அவரை எதற்காக விரும்பினார்கள்? அங்கே போய் அவர் என்ன செய்தார்? அங்கு அவர் செய்தவற்றில் மிகச் சிறந்த ஒன்று ஏன் இரண்டு கொரியாக்களின் நினைவிலும் இல்லை? இந்த மூன்று கேள்விகளுக்கும் விடை, அவருடைய நடிப்பு வாழ்க்கையை முதலிலிருந்து பார்த்தால்தான் கிடைக்கும். இந்த ஆய்வு அந்த வரிசையில் போகிறது.

மேடை, போர், ஒரு முதல் கடத்தல்

சோய் பிறந்தது 1926-இல், கியோங்கி மாகாணத்தின் குவாங்ஜூவில். கொரியா அப்போது ஜப்பானின் காலனி. பதின்வயதிலேயே நாடகக் குழுவில் சேர்ந்தார். நடிகை என்றால் குடும்பப் பெண் இல்லை என்று ஊர் முடிவுகட்டிவிட்டிருந்த காலம் அது. விடுதலைக்குப் பிறகு, 1947-இல், ‘புதிய சபதம்’ என்ற படத்தில் திரைக்கு வந்தார்.

1950-இல் போர் வெடித்தது. சியோலைப் பிடித்த வடக்குப் படை, கையில் கிடைத்த கலைஞர்களைத் தன் கலைக்குழுவில் சேர்த்து ஆடவும் பாடவும் வைத்தது. அதில் சோயும் ஒருவர். படை பின்வாங்கி வடக்கே நகர்ந்தபோது, வழியில் தப்பி வந்துவிட்டார். 1978-ஐப் பற்றி எழுதுகிறவர்கள் இதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். எனக்கு இது முக்கியமாகப் படுகிறது. துப்பாக்கி ஏந்தியவர்கள் முன்னால் நடித்துக்காட்டி உயிர் பிழைப்பது என்றால் என்ன என்பதை அவர் இருபத்து மூன்று வயதிலேயே கற்றுவிட்டார்.

அவருடைய முதல் கணவர் ஓர் ஒளிப்பதிவாளர். போர்க்காலத்தில் இளம் இயக்குநர் ஷின் சாங்-ஓக்கைச் சந்தித்தார். அந்த உறவு பத்திரிகைகளில் பெரிய சர்ச்சையானது. எல்லாவற்றையும் கடந்து 1954-இல் இருவரும் மணந்துகொண்டார்கள். அதே ஆண்டு ‘கொரியா’ என்ற படமும் வந்தது. அதன்பின் இருபது ஆண்டுகளுக்கு, ஷின் நிறுவனத்தின் முகம் சோய் உன்ஹீதான்.

ஒரே ஆண்டில் இரண்டு பெண்கள்

அவரை நடிகையாக எடைபோட வேண்டுமானால் 1958-ஐ எடுத்துக்கொள்ளலாம். அந்த ஓராண்டில் ஒன்றுக்கொன்று நேர் எதிரான இரண்டு வேடங்களை அவர் செய்தார்.

முதலாவது ‘ஒரு கல்லூரி மாணவியின் வாக்குமூலம்’. படிப்பைத் தொடர வழியில்லாத ஏழை மாணவி, ஓர் அரசியல் பிரமுகரின் காணாமல்போன மகள் என்று சொல்லிக்கொண்டு அவர் வீட்டில் நுழைகிறாள். படித்து வழக்கறிஞராகிறாள். பின்பு கைவிடப்பட்ட ஒரு பெண்ணுக்காக நீதிமன்றத்தில் வாதாடுகிறாள். பெண் பார்வையாளர்கள் கண்ணீரோடு குவிந்தார்கள். தள்ளாடிக்கொண்டிருந்த ஷினின் நிறுவனத்தை நிமிர்த்தியது இந்தப் படத்தின் வசூல்.

இரண்டாவது ‘நரகத்தின் மலர்’. அமெரிக்க ராணுவ முகாம் ஒன்றைச் சுற்றிப் பிழைக்கும் பெண்களில் ஒருத்தி சோன்யா. முகாம் சரக்கைத் திருடி விற்கும் யோங்-சிக்குடன் வாழ்கிறாள். அண்ணனை ஊருக்குத் திரும்ப அழைத்துப்போகக் கிராமத்திலிருந்து வரும் தம்பி தோங்-சிக்கைத் தன் பக்கம் இழுக்கிறாள். ரயில் கொள்ளை ஒன்றில் யோங்-சிக்கைக் காட்டிக்கொடுக்கிறாள். கடைசியில் சேற்றுநிலத்தில் துரத்தல், கத்திக்குத்து, சேற்றோடு சேறாகக் கிடக்கும் உடல்கள். போருக்குப் பிந்தைய சியோலின் உண்மையான தெருக்களும் கூட்டமும் படத்தில் இருக்கின்றன. இன்று 1950-களின் கொரிய சினிமாவைப் பற்றிப் பேசுகிற எவரும் இந்தப் படத்தை விட்டுவிட்டுப் பேச முடியாது.

சோன்யாவை ஒரு நட்சத்திர நடிகை ஏற்றுக்கொண்டதே துணிச்சல். கணவரின் படம் என்பதால் அது எளிதாகிவிடவில்லை. சொல்லப்போனால், அவர்கள் திருமணத்தைப் பற்றி ஏற்கெனவே வம்பு பேசிய ஊரில், அது இன்னும் பெரிய துணிச்சல். இந்தப் பாத்திரத்தில் சோய் பரிதாபம் கேட்பதில்லை. தன்னை மன்னித்துவிடும்படி பார்வையாளரிடம் ஒருமுறைகூடக் கெஞ்சுவதில்லை. அவளுக்கு என்ன வேண்டும் என்பது அவளுக்குத் தெரியும். அது கிடைக்காதபோது வரும் கோபமும் அவளுடையதே.

இங்கே ஒரு தொழில்நுட்பச் செய்தியைச் சொல்லியாக வேண்டும். அக்காலக் கொரியப் படங்களில் படப்பிடிப்புத் தளத்தில் ஒலியைப் பதிவு செய்வது வழக்கமில்லை. படம் முடிந்தபின் குரல் சேர்ப்பார்கள். பல நேரம் நடித்தவரின் குரலாகவே அது இருக்காது, குரல் கலைஞர் ஒருவர் பேசியிருப்பார். ஆகவே அந்தக் கால நடிகையின் நடிப்பை அளக்க வேண்டுமானால் வசனத்தை ஒதுக்கிவிட்டுப் பார்க்க வேண்டும். நடை, கழுத்து, கை, ஓர் அறைக்குள் நுழையும் விதம், பார்வையைத் தாழ்த்த எடுத்துக்கொள்ளும் நேரம். சோயின் நடிப்பு முழுக்க அங்கேதான் இருக்கிறது. மாணவியும் சோன்யாவும் ஒரே உடம்புதான். தோள்களைப் பாருங்கள், வேறு இரண்டு ஆட்கள்.

முப்பத்து நான்கு வயதில் சுன்ஹ்யாங்

1961 ஜனவரியில் சியோல் ஒரு விசித்திரமான போட்டியைக் கண்டது. கொரியர்கள் எல்லோரும் பிறந்ததிலிருந்து கேட்டு வளர்ந்த கதை சுன்ஹ்யாங்கின் கதை. நாம்வோன் ஊரின் கணிகை மகள் அவள். அதிகாரி மகன் மோங்-ரியோங்கை ரகசியமாக மணக்கிறாள். அவன் தலைநகர் போனபின் வரும் புதிய அதிகாரியின் ஆசைக்கு இணங்க மறுத்துச் சிறைபோகிறாள். அரசரின் ரகசிய ஆய்வாளராக மோங்-ரியோங் திரும்பிவந்து அவளை மீட்கிறான். இதே கதையை இரண்டு நிறுவனங்கள் ஒரே நேரத்தில், வண்ணத்தில், அகலத்திரையில் எடுத்து, பத்து நாள் இடைவெளியில் வெளியிட்டன. இரண்டுமே கணவன் இயக்க மனைவி நடித்த படங்கள். ஹோங் சோங்-கியின் படத்தில் கிம் ஜி-மீ. அவருக்கு அப்போது இருபது வயது. ஷினின் படத்தில் சோய் உன்ஹீ; முப்பத்து நான்கு.

கதைப்படி சுன்ஹ்யாங் பதின்வயதுப் பெண். போட்டிக்கு முன்பு யாரைக் கேட்டிருந்தாலும் கிம் ஜி-மீ பக்கம்தான் பந்தயம் கட்டியிருப்பார்கள். நடந்தது வேறு. ஷினின் படம் 74 நாட்கள் ஓடியது. சியோலில் மட்டும் மூன்றரை லட்சத்துக்கும் மேலானோர் பார்த்தார்கள். அந்த நகரின் மக்கள்தொகை அன்று 25 லட்சம் அளவில் இருந்ததை வைத்துப் பார்த்தால் இந்த எண்ணிக்கையின் கனம் விளங்கும்.

வண்ணத்தின் தரம், தயாரிப்பின் பிரம்மாண்டம், துணைப் பாத்திரங்களின் நகைச்சுவை என்று வெற்றிக்குப் பல காரணங்கள் சொல்லப்படுகின்றன. அவற்றோடு ஒன்றை நான் சேர்ப்பேன். சுன்ஹ்யாங் கதையின் முதல் பாதிக்கு இளமை போதும். இரண்டாம் பாதிக்குப் போதாது. அடி வாங்கும்போதும், கழுத்தில் பலகையோடு சிறையில் கிடக்கும்போதும், ‘முடியாது’ என்று சொல்கிறவளின் பின்னால் ஒரு வாழ்க்கை தெரிய வேண்டும். போரையும் அவதூறையும் பார்த்துவிட்டு வந்த நடிகையிடம் அது இருந்தது.

அந்த வெற்றியின் பணத்தில்தான் ‘ஷின் ஃபிலிம்’ பெரிய ஸ்டுடியோவாக எழுந்தது. நூற்றுக்கணக்கான ஊழியர்கள், ஆண்டுக்கு டஜன் கணக்கில் படங்கள், 1966-இல் ஆன்யாங்கில் இருந்த பெரும் படப்பிடிப்பு வளாகம். கொரிய சினிமா வரலாற்றில் அந்தப் பேரரசு ஷினின் பெயரில்தான் எழுதப்பட்டிருக்கிறது. அதற்கு மூலதனம் போட்டது சோயின் முகம்.

விதவைகளின் வீடு

அதே 1961-இல் வந்த ‘விருந்தினரும் என் அம்மாவும்’ அவருடைய படங்களிலேயே மிக அமைதியானது. என் கணிப்பில் தென்கொரியாவில் அவர் செய்த வேடங்களில் முதலிடம் இதற்குத்தான். ஜூ யோ-சோப்பின் சிறுகதையிலிருந்து எடுத்த படம். ஆறு வயதுச் சிறுமி ஒக்-ஹீ கதை சொல்கிறாள். அப்பா இல்லை. வீட்டில் பாட்டி விதவை, அம்மா விதவை, சமையற்காரியும் விதவை. வெளித்திண்ணை அறைக்கு ஓர் ஓவியர் தங்க வருகிறார், இறந்துபோன அப்பாவின் நண்பர். அவருக்கு முட்டை பிடிக்கும் என்று தெரிந்ததும் அம்மா முட்டைக்காரரிடம் வாங்கும் முட்டைகளின் எண்ணிக்கை கூடுகிறது. அதுதான் காதல். அதற்குமேல் ஒன்றும் நடப்பதில்லை.

சிறுமி ஒருநாள் பூக்களைக் கொண்டுவந்து, விருந்தினர் மாமா கொடுத்தது என்று பொய் சொல்லிவிடுகிறாள். அந்த இடத்தில் சோயின் முகத்தில் நடப்பதை எழுத்தில் கொண்டுவருவது கடினம். அச்சம் முதலில் வருகிறது, மகிழ்ச்சி அதன் பின்னால் வருகிறது, உடனே மகளை அதட்டும் குரல் இரண்டையும் மூடுகிறது. இந்த மூன்றும் ஒரு குழந்தையின் கண் எதிரே நடப்பதால், அம்மா அதை மறைக்க வேண்டியிருக்கிறது; குழந்தைக்கு எதுவும் புரிவதில்லை, நமக்கு எல்லாம் புரிகிறது.

இதே வீட்டில் சமையற்காரிக்கும் முட்டைக்காரருக்கும் உறவு உண்டாகிறது, அவள் கர்ப்பமாகிறாள், மணமுடித்துக்கொண்டு போய்விடுகிறாள். எல்லோரும் சிரிக்கிறார்கள். ஏழை விதவைக்குக் கிடைக்கும் அந்த வழி, மதிப்பான குடும்பத்து விதவைக்கு இல்லை. படம் இதை வசனமாகச் சொல்வதில்லை. சமையற்காரியைப் பார்க்கும் அம்மாவின் பார்வையில் வைத்துவிடுகிறது. 1962-இல் சியோலில் நடந்த ஆசியத் திரைப்பட விழாவில் சிறந்த படமாக இது தேர்வானது.

அதே 1962-இல் முதல்முறையாக வழங்கப்பட்ட ‘தேஜோங்’ திரைப்பட விருதில் சிறந்த நடிகை சோய்தான். ஆனால் விதவை வேடத்துக்கு இல்லை. சிம் ஹுன்னின் நாவலைப் படமாக்கிய ‘என்றும் பசுமை’யில், கிராமத்துப் பிள்ளைகளுக்கு எழுத்தறிவிக்க உயிரைக் கொடுக்கும் ஆசிரியையாக நடித்ததற்குக் கிடைத்தது. நாட்டைக் கட்டியெழுப்பும் பெண்ணுக்கு அரசு பரிசு தருவது புரிந்துகொள்ளக்கூடியதே. 1964-இல் விமானப்படையைக் கொண்டாடிய ‘சிவப்பு மஃப்ளர்’, 1965-இல் அரசி மின்னாக நடித்த வரலாற்றுப் படம் என்று பெரிய வேடங்கள் தொடர்ந்தன.

கேமராவுக்குப் பின்னால்

1965-இல் ‘சிறுமி மருமகள்’ படத்தை அவரே இயக்கினார், அவரே நாயகியாக நடித்தார். கொரியாவில் அவருக்கு முன்பு படம் இயக்கிய பெண்கள் இருவர்தான்: 1955-இல் பாக் நாம்-ஓக், 1962-இல் ஹோங் உன்-வோன். வறுமையால் சிறு வயதிலேயே மாமியார் வீட்டில் வேலைக்காரிபோல விடப்படும் பெண்ணின் கதை அது. 1967-இலும் 1972-இலும் மேலும் இரண்டு படங்கள்.

இந்தப் பகுதியை நான் சுருக்கமாகச் சொல்கிறேன், ஏனென்றால் இயக்குநராக அவர் முழுமையாக வளர இடம் கிடைக்கவில்லை. கணவரின் நிறுவனத்துக்குள், கணவரின் ஊழியர்களோடு, நடிப்புக்கு நடுவே எடுத்த படங்கள் அவை. ஆனாலும் ஒன்று முக்கியம்: மற்றவர்களை நடிக்கவைப்பதிலும் கற்றுக்கொடுப்பதிலும் அவருக்கு ஈடுபாடு இருந்தது. ஆன்யாங்கின் திரைக்கலைப் பள்ளியின் பொறுப்பை அவர் ஏற்றது அதனால்தான். பின்னாளில் அவருக்கு விரிக்கப்பட்ட வலையும் அந்தப் பள்ளியின் பெயரால்தான் விரிக்கப்பட்டது.

1970-களில் எல்லாம் சரிந்தது. அதிபர் பார்க் சுங்-ஹீ அரசின் தணிக்கை இறுகியது. ஒரு காலத்தில் அந்த அரசுக்கு நெருக்கமாக இருந்த ஷின் அதனோடு மோதினார். 1975-இல் வெட்டச்சொன்ன காட்சி முன்னோட்டத்தில் இடம்பெற்றது என்று நிறுவனத்தின் உரிமமே ரத்தானது. இதற்கிடையில் ஷினுக்கு வேறொரு நடிகையோடு உறவும் இரு குழந்தைகளும் இருப்பது தெரியவந்தது. சோய்க்கும் ஷினுக்கும் தத்தெடுத்த இரண்டு பிள்ளைகள். 1976-இல் மணமுறிவு. ஐம்பது வயதில் அவருக்கு மிஞ்சியது பணநெருக்கடியில் இருந்த பள்ளி ஒன்றுதான்.

ஹாங்காங், நாம்போ, ஐந்து ஆண்டு மௌனம்

1978 ஜனவரியில், பள்ளிக்கு உதவியும் படம் இயக்கும் வாய்ப்பும் தருவதாக வந்த அழைப்பை நம்பி ஹாங்காங் போனார். ரிபல்ஸ் பே கடற்கரையில் படகில் ஏற்றப்பட்டார். பல நாள் கடல் பயணத்துக்குப் பிறகு, ஜனவரி 22 அன்று வடகொரியாவின் நாம்போ துறைமுகத்தில் இறக்கப்பட்டபோது வரவேற்க நின்றவர் கிம் ஜோங்-இல். ஜூலையில், முன்னாள் மனைவியைத் தேடி ஹாங்காங் வந்த ஷினும் கடத்தப்பட்டார். ஒருவர் அங்கே இருப்பது மற்றவருக்குத் தெரியாது. ஷின் தப்பிக்க முயன்று பிடிபட்டு ஆண்டுக்கணக்கில் சிறையில் கிடந்தார். சோய் காவலுள்ள மாளிகைகளில் வைக்கப்பட்டார். சித்தாந்தப் பாடங்கள், படக்காட்சிகள், விருந்துகள். ஹாங்காங்குக்கு அருகிலுள்ள மக்காவ் நகரிலிருந்து கடத்தப்பட்ட ஒரு பெண்ணை அங்கே சந்தித்ததையும், அவர் வழியாகக் கத்தோலிக்க நம்பிக்கைக்கு வந்ததையும் பின்னர் சொல்லியிருக்கிறார். பிற கடத்தல்களைப் பற்றி வெளியுலகுக்குக் கிடைத்த மதிப்புள்ள சாட்சியங்களில் அதுவும் ஒன்று.

இந்த வழக்கைச் சொல்கிறவர்கள் எல்லோரும் சோயை ‘தூண்டில் புழு’ என்கிறார்கள். கிம்முக்கு வேண்டியிருந்தவர் இயக்குநர் ஷின். அவரை வரவழைக்க நடிகை. கிம்மின் திட்டம் அதுவாக இருந்திருக்கலாம். ஆனால் அந்த ஒற்றைச் சொல்லோடு அவர் பங்கை முடித்துவிடுவது நியாயமில்லை. 1983 மார்ச்சில் ஒரு விருந்தில் இருவரையும் நேருக்கு நேர் நிறுத்தும்வரை, ஐந்து ஆண்டுகள், வடகொரியாவின் படங்களைப் பார்க்கவைத்து, குறை என்ன என்று கருத்துக் கேட்கப்பட்டவர் சோய்தான். அந்த ஐந்து ஆண்டுகளும் அவர் ஒரே வேடத்தை இடைவேளையின்றி நடித்தார்: மனம் மாறிவிட்ட விருந்தாளி.

அந்த வேடத்தின் உச்சம் 1983 அக்டோபரில். கைப்பையில் ஒலிப்பதிவுக் கருவியை மறைத்துக்கொண்டு கிம் ஜோங்-இல்லைச் சந்திக்கப் போனார். பிடிபட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று விளக்கத் தேவையில்லை. அந்த நாடாவில் கிம் தன் வாயாலேயே, தங்கள் படங்கள் எல்லாம் ஒரே மாதிரி இருக்கின்றன, எதற்கெடுத்தாலும் அழுகிறார்கள் என்று குறைப்படுகிறார்; இருவரையும் கொண்டுவரச் சொன்னதைப் பற்றியும் பேசுகிறார். அதுவரை வெளியுலகம் அவர் குரலைக் கேட்டதே இல்லை. இவர்கள் தாங்களாகவே வடக்கே போனார்கள் என்று தெற்கில் பலர் சந்தேகப்பட்டார்கள், பியோங்யாங்கும் அப்படியே சொன்னது. அதற்கு எதிரான வலுவான சான்று அந்த நாடாதான். அதைப் பெற்றுத் தந்தது, முகத்தில் எதையும் காட்டாமல் எதிரே உட்கார்ந்திருக்கும் ஒரு நடிகையின் திறமை.

‘உப்பு’

1983-க்கும் 1986-க்கும் இடையில் வடக்கில் ஷின் இயக்கியவையாக ஏழு படங்கள் சொல்லப்படுகின்றன. 1984-இல் வந்த ‘திரும்பிவராத தூதர்’, 1907-இல் ஹேக் நகருக்குப் போன கொரியத் தூதர்களின் கதை. செக்கோஸ்லோவாக்கியாவில் பகுதி எடுக்கப்பட்டது. அதே ஆண்டு சுன்ஹ்யாங் கதை மீண்டும், இந்த முறை இசைப்படமாக. நாயகி ஓர் இளம் நடிகை. சோய்க்கு 57 வயது. உலகம் நினைவில் வைத்திருப்பது ‘புல்காசரி’ என்ற இரும்பு தின்னும் ராட்சதப் படத்தை. வேடிக்கைப் பொருளாக அது ஊர் ஊராகச் சுற்றுகிறது.

நினைவில் இருக்க வேண்டிய படம் 1985-இல் வந்த ‘உப்பு’. காங் கியோங்-ஏ 1934-இல் எழுதிய குறுநாவல் அது. அதன் முடிவுப் பகுதியைக் காலனித் தணிக்கை மையால் மறைத்திருந்தது. மஞ்சூரியாவின் காந்தோ பகுதியில் பிழைக்கப்போன கொரியக் குடும்பம். கணவன் கொல்லப்படுகிறான். மகன் வீட்டைவிட்டுப் போகிறான். தாய் ஒரு நிலக்கிழார் வீட்டில் அடைக்கலம் புகுகிறாள், அங்கே சிதைக்கப்படுகிறாள், கர்ப்பத்தோடு விரட்டப்படுகிறாள். ஒதுக்குப்புறத்தில் தனியாகப் பெற்றெடுக்கிறாள். பிழைப்புக்காகப் பணக்கார வீட்டுக் குழந்தைக்குப் பால்கொடுக்கப் போகிறாள். தன் குழந்தைகள் கவனிப்பின்றிச் சாகின்றன. கடைசியில் தலையில் உப்பு மூட்டை சுமந்து எல்லை கடத்தும் கூட்டத்தில் சேர்கிறாள்.

கதையின் முடிவில் தாய் ஜப்பானை எதிர்த்த கொரில்லாப் போராளிகளின் பக்கம் தெளிவடைவது அந்த நாட்டின் விதி. அதை யாரும் மீறியிருக்க முடியாது. ஆனால் அதற்கு முன்னால் வருவதெல்லாம் வேறு. வடகொரியத் திரையில் அதுவரை இருந்த தாய்மார்கள் வீரத்தாய்கள். சோயின் தாய்க்கு வீரம் தெரியாது. பசி தெரியும், அவமானம் தெரியும். அவளுக்குத் தவறாகச் சொல்லப்பட்டதை நம்புகிறாள், தவறான ஆட்களை வெறுக்கிறாள். ‘விருந்தினர்’ படத்தின் அம்மா எதையும் வெளியே காட்டாமல் அடக்கிக்கொண்டவள். இந்தத் தாயிடம் அடக்குவதற்கு எதுவும் மிச்சமில்லை. ஏறக்குறைய அறுபது வயதில், கைதியாக, உடலின் எந்த அழகையும் காப்பாற்ற முயலாமல் அவர் இதைச் செய்தார். ‘நரகத்தின் மலர்’ படத்தின் கடைசிச் சேற்றுக்காட்சியைப் பார்த்தவர்களுக்கு, மண்ணில் புரளத் தயங்காத அந்த நடிகையை இங்கே அடையாளம் தெரியும்.

1985 மாஸ்கோ சர்வதேசத் திரைப்பட விழாவில் சிறந்த நடிகைக்கான பரிசு, ஹங்கேரி நடிகை ஒருவருக்கும் சோய் உன்ஹீக்கும் பகிர்ந்தளிக்கப்பட்டது.

இங்கேதான் என் மூன்றாவது கேள்வி. உலக விழாக்களில் பரிசு வென்ற கொரிய நடிகைகளின் வரிசையைத் தெற்கில் சொல்லும்போது, 1987-இல் வெனிஸில் வென்ற காங் சூ-யோனிடம் தொடங்குவது வழக்கம். அவர் அந்தப் பெருமைக்கு முற்றிலும் உரியவர். 1989-இல் மாஸ்கோவிலும் அவர் சிறந்த நடிகை. ஆனால் அதே மாஸ்கோவின் அதே பரிசை நான்கு ஆண்டுகளுக்கு முன்பே ஒரு கொரியப் பெண் வாங்கியிருந்தார். படம் வடக்கின் படம் என்பதால் தெற்கு அதைத் தன் கணக்கில் எழுதவில்லை. வடகொரியப் படங்களைப் பொதுமக்கள் பார்க்க முடியாத சட்டச் சூழலில் எழுதவும் வழியில்லை. நடிகை தப்பியோடிவிட்டதால் வடக்கும் அதைச் சொந்தம் கொண்டாட முடியாது. ‘புல்காசரி’யே ஷினின் பெயரை நீக்கிவிட்டு வேறொருவர் பெயரில்தான் வெளிவந்தது. அவருடைய வாழ்நாளின் மிகக் கடினமான நடிப்புக்குக் கிடைத்த பரிசை எந்த நாடும் தன் வரலாற்றில் வைத்துக்கொள்ளவில்லை.

கட்டாயத்தின் பேரில் செய்த நடிப்பைக் கலை என்று போற்றலாமா என்று சிலர் கேட்பார்கள். நியாயமான கேள்வி. ‘உப்பு’வைப் போற்றுவது கிம் ஜோங்-இல்லின் கடத்தலுக்குப் பின்வாசல் வழியாக நன்றி சொல்வதாகிவிடாதா? எனக்கு அப்படித் தோன்றவில்லை. எதை நடிப்பது என்பதில் அவருக்குச் சுதந்திரம் இல்லை. எப்படி நடிப்பது என்பதை முப்பத்தெட்டு ஆண்டு அனுபவத்தோடு அவரே முடிவுசெய்தார். முன்னதைக் காரணம்காட்டிப் பின்னதை அழித்தால், அவரிடமிருந்து இரண்டாவது முறையும் திருடுகிறோம்.

வியன்னாவுக்குப் பின்

தப்பித்தலைப் பலரும் விரிவாக எழுதிவிட்டார்கள். 1986 பெர்லின் திரைப்பட விழாவுக்குப் பின், படத்தயாரிப்பு வேலையாக வியன்னா வந்த இருவரும், மார்ச் மாதத்தில் ஒரு நாள், ஜப்பானியச் செய்தியாளர் ஒருவரின் உதவியோடு டாக்சியில் ஏறி, காவலர்களின் வண்டியை வழியில் தவறவிட்டு, அமெரிக்கத் தூதரகத்துக்குள் ஓடி நுழைந்தார்கள். அதன்பின் பதின்மூன்று ஆண்டுகள் அமெரிக்காவில். ஷின் அங்கே வேறு பெயரில் சிறுவர்களுக்கான சண்டைப் படங்களில் வேலை செய்தார். ஆணுக்கு எப்படியோ தொழில் தொடர்ந்தது. அறுபதைத் தொட்ட, ஆங்கிலம் பேசும் சூழலில் வாழ்ந்திராத கொரிய நடிகைக்கு அமெரிக்க சினிமாவில் வேடம் இருக்கவில்லை. அவருடைய நடிப்பு வாழ்க்கையை முடித்துவைத்தது இந்த நாடுகடந்த ஆண்டுகள்தான். இந்த இழப்பைப் பற்றி எழுதியவர்கள் மிகக் குறைவு.

1999-இல் தெற்குக்குத் திரும்பினார்கள். ஷின் 2006 ஏப்ரலில் இறந்தார். 2007-இல் சோய் தன் சுயசரிதையை வெளியிட்டார். 2016-இல் இருவரைப் பற்றி ஓர் ஆவணப்படம் வந்தது. அதிலும் கதை கடத்தலைச் சுற்றித்தான்.

பார்க்க நினைப்பவர்களுக்கு

கொரியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தன் பழைய படங்கள் பலவற்றை யூடியூபில் இலவசமாக வைத்திருக்கிறது, ஆங்கில வசன வரிகளோடு. ‘நரகத்தின் மலர்’, ‘விருந்தினரும் என் அம்மாவும்’ இரண்டையும் அங்கே தேடிப் பார்க்கலாம். முதலில் ‘விருந்தினர்’ பார்ப்பது நல்லது. அதன் மென்மை பழகியபின் சோன்யாவைப் பார்த்தால் அதிர்ச்சி முழுதாக இறங்கும். ‘உப்பு’ கிடைப்பது கடினம். தேடிக் கண்டுபிடித்தால், வசனங்கள் புரியாவிட்டாலும் கவலைப்படாமல் உப்பு மூட்டையோடு பெண்கள் நடக்கும் பகுதியைப் பாருங்கள். பாரம் தலையில் ஏறியதும் அவருடைய கழுத்தும் முழங்கால்களும் எப்படி மாறுகின்றன என்பதைக் கவனியுங்கள்.